விருந்துண்டவர்கள் நட்ட கல்

மலைச்சரிவிலோ மேய்ச்சல் காட்டிலோ, பலகைக் கற்களைச் சுற்றிலும் நிறுத்தி மேலே ஒரு பெரும்பலகையை மூடியாக ஏற்றிய கல்திட்டை ஒன்று கிடக்கும். அங்கே ஆடு மேய்ப்பவரிடம் இதைக் கட்டியது யார் என்று கேட்டால் பதில் தயாராக இருக்கும். பாண்டவர்கள் வனவாசத்தில் தங்கிய இடம் என்பார்கள். வாலியர் வீடு என்பார்கள். குள்ளர்கள் குடியிருந்தது என்பது ஓர் ஊர்க் கதை, குரங்குப் பட்டடை என்பது இன்னோர் ஊர்ப் பெயர். மாண்டவர் குழிதான் மருவிப் பாண்டவர் குழியானது என்று விளக்குவோரும் உண்டு. ‘எங்கள் பாட்டனுக்குப் பாட்டன் நட்டது’ என்ற பதில்தான் அரிது. அவ்வளவு பெரிய கல்லைத் தம்மைப் போன்ற ஒருவர் தூக்கி நிறுத்தியிருப்பார் என்று மனம் எளிதில் ஒப்புவதில்லை.

1823-இல் பம்பாய் இலக்கியக் கழகத்தின் தொகுதியில் ஜே. பாபிங்டன் என்பவர் மலபாரின் பழங்காலப் புதைகுழிகளைப் பற்றி எழுதியபோது, ‘பாண்டு குழிகள்’ என்ற ஊர்ப்பெயரையே தலைப்பில் வைத்தார். அடுத்த தலைமுறையில் நிஜாமின் பணியில் இருந்த மெடோஸ் டெய்லர், இன்றைய கர்நாடகத்தின் ஷோராப்பூர்ப் பகுதியில் கற்குவைகளைத் தோண்டினார். குழிகளை அளந்தார், படம் வரைந்தார், அக்காலத்துக்கு மிகக் கவனமான பதிவுகளை விட்டுச் சென்றார். ஆனால் கட்டியது யார் என்ற இடத்துக்கு வந்ததும், தம் தாய்நாட்டில் பார்த்த கல்வட்டங்கள்தான் அவர் கண்ணில் நின்றன. சித்தியர்கள், கெல்டுகள், துருயிதுப் பூசாரிகள் என்று அவர் எண்ணம் ஓடியது. ஊரார் பாண்டவர் கையில் கொடுத்த கல்லை அவர் துருயிதுகள் கையில் கொடுத்தார்.

அந்தத் துருயிது, இதே கேள்விக்கு இங்கிலாந்தில் பிறந்த விடை. ஆகவே இந்தச் சொற்பொழிவு அந்த விடை பிறந்த இடத்துக்கே போகிறது: தென் இங்கிலாந்தின் வில்ட்ஷயரில், சாலிஸ்பரி சமவெளியில் நிற்கும் ஸ்டோன்ஹெஞ்ச். உலகில் இதைவிடப் பழைய கற்சின்னங்கள் உண்டு, பெரியவையும் உண்டு. ஆனால் கல்லைப் பார்த்து மனிதர்கள் என்னென்ன நினைத்தார்கள் என்பதற்கு ஏறக்குறைய 900 ஆண்டுக் கணக்கு எழுத்தில் கிடைப்பது இந்த ஒரு கல்வட்டத்துக்குத்தான். விடைகள் எப்படித் தவறின, எந்த இடத்தில் தேறின என்பதை அதில் படிப்படியாகப் பார்க்கலாம்.

முதலில், அங்கே நிற்பது என்ன? கி.மு. 3000 வாக்கில் சுண்ணப்பாறை நிலத்தில் சுமார் 100 மீட்டர் குறுக்களவில் வட்டமாக ஓர் அகழியும் கரையும் வெட்டினார்கள். அதன் உட்புறம் 56 குழிகள். ஏறக்குறைய 500 ஆண்டுகள் கழித்து, இன்று எல்லாப் படங்களிலும் தெரியும் பெருங்கற்கள் வந்தன. சார்சன் எனப்படும் கெட்டியான மணற்கல்லில் 30 தூண்கள் வட்டமாக நிற்க, அவற்றின் தலைமேல் உத்தரக் கற்கள் வளையம்போல் ஓடின. வட்டத்துக்குள்ளே குதிரை லாட வடிவில், இரண்டு தூணும் ஓர் உத்தரமுமாக ஐந்து பெரிய கல்வாயில்கள். ஒரு சார்சன் தூணின் எடை சராசரியாக 20 டன்னுக்கு மேல்.

உத்தரங்கள் வெறுமனே மேலே ஏற்றி வைக்கப்பட்டவை அல்ல. தூணின் தலையில் ஒரு குமிழ் செதுக்கி, உத்தரத்தின் அடியில் அதற்கேற்ற குழி தோண்டிப் பொருத்தியிருக்கிறார்கள். பக்கத்துப் பக்கத்து உத்தரங்களை நாக்கும் காடியுமாக இணைத்திருக்கிறார்கள். இது கல்தச்சு அல்ல, மரத்தச்சு. மரத்தில் தலைமுறை தலைமுறையாகக் கைபழகிய ஒரு கூட்டம், அதே வேலையைக் கல்லில் செய்து பார்த்திருக்கிறது. இந்தச் சிறு விவரத்தை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது, பின்னால் உதவும்.

இனி விடைகளின் கதை. 1136-ஐ ஒட்டி, மான்மத் ஊரைச் சேர்ந்த ஜெஃப்ரி எழுதிய பிரித்தானிய அரசர் வரலாற்றில், இந்தக் கற்களை ஆப்பிரிக்காவிலிருந்து அயர்லாந்துக்குக் கொண்டுவந்தவர்கள் பூதாகாரமான மனிதர்கள். அங்கிருந்து இங்கிலாந்துக்குக் கொண்டுவந்து சேர்த்தவர் மந்திரவாதி மெர்லின். சாக்சன்களின் வஞ்சகத்தில் மாண்ட பிரபுக்களுக்கு நினைவுச்சின்னமாக அவை நடப்பட்டன. பிற்கால அறிஞர்கள் இதைக் கட்டுக்கதை என்று தள்ளினார்கள். கட்டுக்கதைதான். ஆனாலும் கற்கள் மேற்கிலிருந்து வெகுதூரம் வந்தவை, இறந்தவர்களுக்காக நடப்பட்டவை என்ற இரண்டு செய்திகளை இந்தக் கதை பிடித்து வைத்திருந்ததை மறக்க வேண்டாம்.

1620-இல் முதலாம் ஜேம்ஸ் மன்னர் அந்த இடத்தைப் பார்க்கப் போனார், அரண்மனைக் கட்டடக் கலைஞர் இனிகோ ஜோன்ஸை ஆராயச் சொன்னார். இத்தாலி சென்று உரோமானியக் கட்டடக்கலை பயின்று வந்தவர் ஜோன்ஸ். அவர் கண்ணுக்கு அது உரோமர் கோயிலாகத் தெரிந்தது. அவர் இறந்தபின் 1655-இல் அது நூலாக வந்தது. எட்டு ஆண்டுகளில் மருத்துவர் வால்டர் சார்ல்டன், இல்லை, அது டேனிய மன்னர்கள் முடிசூடிய மேடை என்று மறுத்தார். காட்டுமிராண்டிகள் என்று கருதப்பட்ட பழைய பிரித்தானியருக்கு இதில் பங்கில்லை என்பதில் மட்டும் ஜோன்ஸ் உறுதியாக இருந்தார்.

அந்தப் பங்கைத் திருப்பிக் கொடுத்தவர் ஜான் ஆப்ரி. உரோமரும் டேனியரும் போகாத பகுதிகளிலும் கல்வட்டங்கள் உண்டு, ஆகவே இவை மண்ணின் மக்கள் கட்டியவை என்று 17-ஆம் நூற்றாண்டில் அவர் வாதிட்டார். எளிய வாதம், பழுதற்ற வாதம். ஆனால் மண்ணின் மக்களைப் பற்றி அன்று கையில் இருந்த ஒரே சாட்சியம் உரோமர் எழுதி வைத்தது. அதில் வந்தவர்கள் துருயிதுப் பூசாரிகள். ஆப்ரி தயக்கத்தோடு சொன்னதை வில்லியம் ஸ்டூக்லி 1740-இல் முழு நூலாக்கி, ஸ்டோன்ஹெஞ்சைத் துருயிதுகளின் கோயிலாக்கினார். அவரது துருயிதுகள் ஏறக்குறையக் கிறித்தவப் பாதிரிமார்போல் நடந்துகொள்கிறார்கள். ஸ்டூக்லியே பாதிரியார்தான். அதே ஸ்டூக்லிதான் கற்களின் அச்சு கோடைத் திருப்ப நாளின் சூரிய உதயத்தை நோக்கியிருப்பதை முதலில் எழுதியவர், கல்வட்டத்துக்கு வந்து சேரும் பழைய பாதையைக் கண்டு வரைந்தவரும் அவரே. கண் கூர்மையாகப் பார்த்தது, விளக்கம்தான் வழிதவறியது. இத்துறையில் இது மீண்டும் மீண்டும் நடக்கும். துருயிதுகளைப் பற்றிய சான்றுகள் கி.மு. கடைசி நூற்றாண்டுகளுக்கு முன்னே போவதில்லை. கற்களோ அதற்கும் 2000 ஆண்டுகள் மூத்தவை.

1900-ஆம் ஆண்டின் கடைசி நாளில் புயலில் ஒரு தூணும் அதன் உத்தரமும் விழுந்தன. அடுத்த ஆண்டு, சாய்ந்து நின்ற மிகப்பெரிய தூணை நிமிர்த்தும் வேலை வில்லியம் கோலண்டிடம் வந்தது. உலோகவியல் அறிஞரான அவர் ஜப்பானின் ஒசாகா நாணயச்சாலையில் 16 ஆண்டுகள் பணியாற்றியவர், அங்கே பழைய அரசர்களின் பெருங்கல்லறைகளை ஆர்வத்தோடு ஆராய்ந்தவர். பெருங்கல்லை மனிதர்கள் கயிறு கட்டி இழுப்பார்கள், நெம்புவார்கள் என்பது அவருக்கு வியப்பில்லை. தூணின் அடிக்குழியை அவர் மண்ணைச் சலித்துச் சலித்துத் தோண்டினார். கிடைத்தவை சக்கிமுக்கிக் கோடரிகளும் சம்மட்டிக் கற்களும் மான்கொம்புக் கொத்துகளும். இரும்பு ஒரு துண்டும் இல்லை.

இங்கேதான் கேள்வியின் திசை மாறியது. யார் இதைக் கற்பனை செய்திருக்க முடியும் என்ற கேள்வி போய், எந்தக் கை எந்தக் கருவியைப் பிடித்தது என்ற கேள்வி வந்தது. செம்மானின் உதிர்ந்த கொம்பை எடுத்து, ஒரு கிளையை மட்டும் விட்டு மற்றவற்றை வெட்டினால் குந்தாலி தயார். மாட்டின் தோள்பட்டை எலும்பு மண் அள்ளும் கருவி. அகழியின் அடியில் தேய்ந்த கொம்புகளைப் போட்டுவிட்டுப் போயிருக்கிறார்கள். அந்தக் கொம்புகளில் இருக்கும் கரிமம்தான் அகழி வெட்டிய காலத்தை இன்று நமக்குச் சொல்கிறது.

ஆனால் பழைய பழக்கம் எளிதில் போகவில்லை. 1953-இல் ரிச்சர்ட் அட்கின்சன் ஒரு தூணின்மேல் கோடரிகளும் ஒரு குத்துவாளும் செதுக்கப்பட்டிருப்பதைக் கண்டார். மாலை வெயில் சாய்வாக விழும்போது மட்டும் தெரியும் செதுக்கல்கள் அவை. குத்துவாள் கிரேக்கத்தின் மைசினி நாகரிகத்தை அவருக்கு நினைவூட்டியது. மத்தியதரைக் கடல் பக்கத்திலிருந்து வந்த ஒரு கட்டடக் கலைஞரின் அறிவு இதன் பின்னால் இருந்திருக்க வேண்டும் என்று அவர் கருதினார். அட்கின்சன் மிகச் சிறந்த ஆய்வாளர், தம் தலைமுறையில் இந்த இடத்தை அவரளவு அறிந்தவர் இல்லை. அவருக்கே இந்த மண்ணின் உழவர்கள் போதவில்லை.

கரிமக் கணக்கு அந்த எண்ணத்தைக் கலைத்தது. 1952-இல் வில்லர்டு லிபி, 56 குழிகளில் ஒன்றில் கிடைத்த கரித்துண்டை அளந்து கி.மு. 1848 என்று சொன்னார், முன்பின்னாக 275 ஆண்டுகள். பிறகு மரவளையங்களைக் கொண்டு கரிமக் கணக்கைத் திருத்தினார்கள், வடமேற்கு ஐரோப்பாவின் கற்சின்னங்கள் எல்லாம் நூற்றாண்டுக் கணக்கில் பின்னோக்கிப் போயின. காலின் ரென்ஃப்ரூ 1973-இல் எழுதிய நூலில் இதன் பொருளை விளக்கினார்: மாணவனாகக் கருதப்பட்டவன் ஆசிரியனைவிட மூத்தவன். சார்சன் தூண்கள் நடப்பட்டபோது மைசினி அரண்மனைகள் எழ ஏறக்குறைய ஆயிரம் ஆண்டுகள் இருந்தன. குத்துவாளும் கோடரிகளும் தூண்கள் நின்று பல நூற்றாண்டுகள் கழிந்தபின் யாரோ செதுக்கியவை.

இதே மனப்போக்கு ஆட்சி அதிகாரத்தோடு சேர்ந்தால் என்ன ஆகும் என்பதற்கு ஆப்பிரிக்காவில் சான்று உண்டு. மகா ஜிம்பாப்வே வரலாற்றுக்கு முந்தியது அல்ல, இடைக்காலக் கட்டடம். ஆனாலும் இங்கே சொல்லியாக வேண்டும். அதன் கல்மதில்களைப் பார்த்த கார்ல் மௌக் 1871-இல் கட்டியவராக ஷீபா அரசியைக் கொண்டுவந்தார். 1929-இல் கெர்ட்ரூட் கேட்டன்-தாம்சன் அகழ்ந்து, கட்டியவர்கள் ஆப்பிரிக்கர்களே என்று ஐயமின்றிக் காட்டினார். அதற்கு 40 ஆண்டுகள் கழித்தும் ரொடீசியாவின் வெள்ளையர் அரசுக்கு அந்த உண்மை பிடிக்கவில்லை. கல்லைக் கட்டியவனிடமிருந்து பறிப்பது நிலத்தை அவனிடமிருந்து பறித்ததற்கு நியாயம் தேடுவது. கற்சின்ன ஆய்வு பொழுதுபோக்கு அல்ல என்பதற்கு இதைவிட வேறு எடுத்துக்காட்டு வேண்டாம்.

1960-களில் ஸ்டோன்ஹெஞ்ச் ஆய்வுக்குக் கணிப்பொறி வந்தது. வானியலாளர் ஜெரால்ட் ஹாக்கின்ஸ் கற்களின் இடங்களை ஐ.பி.எம். கணிப்பொறியில் ஏற்றி, ஸ்டோன்ஹெஞ்சே கிரகணங்களைக் கணிக்கும் ஒரு கல் கணிப்பொறி என்றார். தொல்லியலாளர் ஜாக்கெட்டா ஹாக்ஸ் 1967-இல் இதற்கு எழுதிய மறுப்பில், ஒவ்வொரு காலமும் தான் விரும்பும் ஸ்டோன்ஹெஞ்சைப் பெறுகிறது என்ற பொருளில் ஒரு வாக்கியம் எழுதினார், அது இன்றுவரை மேற்கோளாக ஓடுகிறது. நல்ல வாக்கியம், ஆனால் அதில் ஓர் அபாயம் உண்டு. எல்லா விளக்கமும் விளக்குபவரின் நிழல்தான் என்று சொல்லிவிட்டால், தோண்டுவதற்கே வேலை இல்லாமல் போகும். மான்கொம்பு யாருடைய நிழலும் அல்ல.

இந்தக் கதையில் மிக முக்கியமான வருகை 1998-இல் நடந்தது. மடகாஸ்கரைச் சேர்ந்த தொல்லியலாளர் ரமிலிசோனினா, தம்மோடு அங்கே பல ஆண்டுகள் வேலை செய்த ஆங்கிலேய நண்பர் மைக் பார்க்கர் பியர்சனுடன் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்காக ஸ்டோன்ஹெஞ்சுக்கு வந்தார். மடகாஸ்கரில் இறந்தவர்களுக்குக் கல் நடும் வழக்கம் இன்றும் உயிரோடு இருக்கிறது. கல்லறைகள் கல்லால் ஆனவை, இருப்பவர்களின் வீடுகள் மரபுப்படி மரத்தால் ஆனவை. மரம் மட்கும், மனிதன்போல. கல் நிலைக்கும், முன்னோர்போல. அந்த வழக்கத்துக்குள் வளர்ந்தவர் இந்தக் கற்களைப் பார்த்ததும், இது முன்னோருக்கானது, இதில் புரியாமல் போக என்ன இருக்கிறது என்று நண்பரிடம் கேட்டார். 900 ஆண்டுகளில் இந்தக் கல்வட்டத்தைப் பற்றி எழுதியவர்களுள், கல் நடும் சமூகத்திலிருந்து வந்த ஒருவர் கருத்துச் சொல்லியது அரிதினும் அரிது.

உடனே எதிர்ப்பு எழுந்தது, அதில் நியாயமும் இருந்தது. இந்துமாக்கடல் தீவு ஒன்றின் அண்மைக்கால வழக்கத்தை, 4500 ஆண்டுகளுக்கு முந்திய வில்ட்ஷயருக்கு எப்படிப் பொருத்துவது? மெடோஸ் டெய்லர் ஷோராப்பூரில் செய்த தவறுதானே இதுவும்?

வேறுபாடு ஒன்று உண்டு. டெய்லரின் ஒப்பீடு ஒரு முடிவு, அங்கே கேள்வி நின்றுவிட்டது. ரமிலிசோனினாவின் ஒப்பீட்டிலிருந்து மண்வெட்டியால் சோதிக்கத்தக்க ஒரு கணிப்பு பிறந்தது. ஸ்டோன்ஹெஞ்ச் இறந்தவர்களின் இடம் என்றால், அருகில் இருக்கும் மரவட்டங்கள் வாழ்ந்தவர்களின் இடமாக இருக்க வேண்டும். சுமார் 3 கி.மீ. தொலைவில், ஏவன் ஆற்றங்கரையில், டரிங்டன் வால்ஸ் என்ற மிகப் பெரிய வட்டக்கரை உண்டு. 1960-களில் சாலை வேலைக்கு முன் ஜெஃப்ரி வெயின்ரைட் அதன் உள்ளே மரத்தூண் வட்டங்களைக் கண்டிருந்தார். பக்கத்தில் வுட்ஹெஞ்ச் என்ற இன்னொரு மரவட்டமும் உண்டு. கணிப்பு சரியென்றால் அங்கே வீடு இருக்க வேண்டும், அடுப்பு இருக்க வேண்டும், குப்பை இருக்க வேண்டும். இரண்டு இடங்களும் ஆற்றால் இணைந்திருக்க வேண்டும். இவை இல்லையென்றால் கருத்து செத்தது.

பார்க்கர் பியர்சனும் கூட்டாளிகளும் 2003 முதல் 2009 வரை தோண்டினார்கள். ஆற்றிலிருந்து மரவட்டத்துக்குச் செல்லும் அகலமான பாதை கிடைத்தது. பாதையோரத்தில் வீடுகள் கிடைத்தன. ஒவ்வொன்றும் ஏறக்குறைய 5 மீட்டர் சதுரம், சுண்ணம் மெழுகிய தரை, நடுவில் அடுப்பு, ஓரங்களில் மரக்கட்டிலும் பெட்டியும் இருந்ததற்கான பள்ளங்கள். வடகோடியில் ஆர்க்னி தீவுகளின் ஸ்காரா பிரே கிராமத்தில் கல்லால் கட்டிய வீடுகளின் அதே அமைப்பு இங்கே மரத்தில். கரிமக் கணக்கு கி.மு. 2500-ஐ ஒட்டி, சார்சன் தூண்கள் எழுந்த அதே தலைமுறைகள். உத்தரத்தைத் தச்சுவேலைபோல் பொருத்திய கைகள் உறங்கிய வீடுகள் இவை என்று எண்ணுவதற்கு எல்லாக் காரணமும் உண்டு.

குப்பையோ மலைமலையாகக் கிடைத்தது. பெரும்பகுதி பன்றி எலும்பு, அடுத்து மாடு. மூட்டுக்கு மூட்டு பொருந்திய நிலையிலேயே பல எலும்புகள் எறியப்பட்டிருந்தன, அதாவது முழுவதும் தின்னாமலே வீசியிருக்கிறார்கள். அன்றாடம் பசிக்கு உண்ணும் வீட்டில் இப்படி நடக்காது, விருந்தில்தான் நடக்கும். பன்றிக்குட்டிகளின் பற்களைப் பார்த்தால் ஏறக்குறைய 9 மாத வயதில் வெட்டப்பட்டவை மிகுதி. வசந்தத்தில் பிறந்த குட்டிக்கு 9 மாதம் என்றால் நடுக்குளிர்காலம். இன்று ஆயிரக்கணக்கானோர் கோடைத் திருப்ப விடியலுக்கு ஸ்டோன்ஹெஞ்சில் கூடுகிறார்கள். ஆனால் அதே அச்சின் மறுமுனை குளிர்காலத் திருப்ப நாளின் அத்தமனத்தை நோக்குகிறது. ஆண்டின் மிகக் குறுகிய பகலில், சூரியன் திரும்புமா என்று காத்திருந்த கூட்டத்தின் விருந்து என்று பன்றிப் பற்கள் சொல்கின்றன. கோயிலின் திசையைக் கற்கள் காட்டின, திருவிழா எப்போது என்பதைச் சொன்னவை எச்சில் எலும்புகள்.

இந்தப் பன்றிகள் எங்கிருந்து வந்தன? 2019-இல் ரிச்சர்ட் மேட்விக் குழுவினர், டரிங்டன் வால்ஸ் உட்பட நான்கு விருந்துத் தலங்களில் கிடைத்த 131 பன்றிகளின் வேதியியல் தடயங்களை ஆராய்ந்தார்கள். ஸ்காட்லாந்து, வேல்ஸ், வடகிழக்கு இங்கிலாந்து என்று தீவின் பல மூலைகளிலிருந்தும் பன்றிகள் வந்திருந்தன. மாட்டை ஓட்டிப் போகலாம். பன்றியை நூற்றுக்கணக்கான கி.மீ. ஓட்டிப் போவது எவ்வளவு பாடு என்பது பன்றி வளர்த்தவருக்குத் தெரியும். விருந்து நடந்த இடத்தில் வாங்கியிருக்கலாமே? வாங்கவில்லை. தம் ஊரில் தாம் வளர்த்ததைக் கொண்டுபோவதில் அவர்களுக்கு ஏதோ ஒரு கடமை இருந்திருக்கிறது. சீர் கொண்டுபோகும் வழக்கம் உள்ளவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

இறந்தவர் பக்கம் என்ன ஆயிற்று? இதற்கான சான்று பல ஆண்டுகளாக மண்ணுக்குள் மூட்டையாகக் கிடந்தது. 1919 முதல் 1926 வரை வில்லியம் ஹாலி தோண்டியபோது எரியூட்டிய எலும்புகள் ஏராளமாகக் கிடைத்தன. அவற்றை வைத்து என்ன செய்வது என்று அன்று யாருக்கும் தெரியவில்லை, 1935-இல் மூட்டைகளை 56 குழிகளில் ஒன்றிலேயே திரும்பப் புதைத்தார்கள். 2008-இல் அந்தக் குழி மீண்டும் திறக்கப்பட்டது. தீயில் வெடித்த ஆயிரக்கணக்கான துணுக்குகள். பொறுமையாகப் பிரித்தபோது, ஆண்களும் பெண்களும் ஏறக்குறைய சமமாக இருந்தது தெரிந்தது. மந்திரவாதி, பூசாரி, மன்னர் என்று ஆண்களை மட்டுமே நிறுத்தி வந்த 900 ஆண்டுக் கற்பனைக்கு இந்த ஒரு செய்தி போதும். அதே காலத்துப் பிரிட்டனில் இதைவிடப் பெரிய இடுகாடு தெரியவில்லை.

எரிந்த எலும்பில் மரபணு தங்குவது கடினம், ஸ்ட்ரான்டியம் என்ற தனிமத்தின் தடம் தங்கும். ஒருவர் உண்ட உணவு விளைந்த மண்ணின் தன்மை அதில் பதிந்திருக்கும். 2018-இல் கிறிஸ்டோஃப் ஸ்னூக் குழுவினர் 25 பேரின் எலும்பைச் சோதித்தார்கள். அவர்களுள் 10 பேர் தம் கடைசி ஆண்டுகளை இந்தச் சுண்ண நிலத்தில் கழித்தவர்கள் அல்லர். மேற்கு வேல்ஸ் போன்ற இடத்து மண்ணுக்கு அவர்கள் தடம் பொருந்தியது.

ஸ்டோன்ஹெஞ்சில் சார்சன்களோடு நிற்கும் சிறிய கற்களின் ஊரும் மேற்கு வேல்ஸ்தான். அவற்றைப் புளூஸ்டோன் என்பார்கள், நம் நவரத்தின நீலக்கல் அல்ல, நனைந்தால் நீலம் பாரிக்கும் எரிமலைப் பாறை. ஒவ்வொன்றும் 2 முதல் 5 டன். 1923-இல் ஹெர்பர்ட் தாமஸ் இவை 200 கி.மீ.க்கு அப்பால் உள்ள ப்ரெசெலி மலையிலிருந்து வந்தவை என்று காட்டினார். பனிப்பாறைகள் உருட்டிக்கொண்டு வந்தன என்பாரும் உண்டு. ஆனால் ப்ரெசெலியில் கற்களைப் பெயர்த்தெடுத்த குன்றுகளிலேயே கி.மு. 3000-ஐ ஒட்டிய வேலைத் தடயங்கள் கிடைத்தபின் மனிதர்கள் கொண்டுவந்தார்கள் என்பதே வலுவான முடிவு. 2000-இல் தன்னார்வலர்கள் ஒரு கல்லைப் பழைய முறையில் கொண்டுவர முயன்றார்கள். கல் வேல்ஸ் கடலோரத்தில் மூழ்கியது. தரைவழியில் சறுக்குக் கட்டையில் இழுப்பதே நடந்திருக்கும் என்று பலரும் இன்று கருதுகிறார்கள். 1990-களில் நடந்த ஒரு சோதனையில், கொழுப்புத் தடவிய மரத் தண்டவாளத்தில் 40 டன் சிமென்ட் தூணை 130 பேர் இழுத்து நகர்த்தினார்கள்.

சார்சன் தூண்களின் ஊர் தெரிந்த விதமும் சொல்லத்தக்கது. 1958-இல் ஒரு தூணைப் பழுதுபார்க்க மெல்லிய துளைகள் போட்டார்கள். வெளிவந்த கல்லுருளைகளில் ஒன்றை அந்த வேலை செய்த ராபர்ட் ஃபிலிப்ஸ் எடுத்து வைத்துக்கொண்டார், அமெரிக்காவுக்குக் குடிபோனபோதும் கூடவே கொண்டுபோனார். 60 ஆண்டுகள் கழித்து, 2018-இல் அதைத் திருப்பிக் கொடுத்தார். அந்த உருளையைப் பொடித்து ஆராய்ந்த டேவிட் நாஷ் குழுவினர் 2020-இல், மிஞ்சியிருக்கும் 52 சார்சன்களில் 50 ஒரே இடத்திலிருந்து, 25 கி.மீ. வடக்கே உள்ள வெஸ்ட் வுட்ஸ் காட்டிலிருந்து வந்தவை என்றார்கள்.

2024 ஆகஸ்டில் இன்னொரு செய்தி. வட்டத்தின் நடுவே, விழுந்த கற்களின் அடியில் பாதி மறைந்து கிடக்கும் பலிபீடக் கல், 6 டன் எடையுள்ள மணற்கல். நெடுங்காலம் அதையும் வேல்ஸ் கல் என்றே நம்பினார்கள். ஆஸ்திரேலியாவின் கர்ட்டின் பல்கலைக்கழக ஆய்வு மாணவர் ஆன்டனி கிளார்க், ப்ரெசெலிப் பக்கத்து வேல்ஸ்காரர், அதன் கனிமத் துகள்களின் வயதை அளந்தார். அவை பொருந்தியது வடகிழக்கு ஸ்காட்லாந்தின் பாறைகளோடு. குறைந்தது 750 கி.மீ. சொந்த ஊருக்கான பெருமையைத் தம் ஆய்வே பறித்தபோதும் உள்ளதை உள்ளபடி வெளியிட்ட அந்த இளைஞரின் நேர்மை பாராட்டுக்குரியது. ஸ்காட்லாந்துக் கல், வேல்ஸ் கல், பக்கத்துக் காட்டுக் கல் மூன்றும் ஒரே வட்டத்தில். பன்றிகளும் அப்படியே பல திசையிலிருந்து வந்தன. வாழ்வோர் தத்தம் ஊர்ப் பன்றியோடு வந்தார்கள், இறந்தோருக்காகத் தத்தம் ஊர்க் கல்லைக் கொண்டுவந்து சேர்த்தார்கள் என்று படிப்பதற்கு இன்று இடம் இருக்கிறது.

வேறு விளக்கங்களும் களத்தில் உண்டு. திமோதி டார்வில், வெயின்ரைட் இருவரும் இதை நோய் தீர்க்கும் தலமாகக் கருதினார்கள். 2002-இல் அருகே எய்ம்ஸ்பரியில் கிடைத்த ஒரு வில்லாளியின் எலும்புக்கூட்டில் முழங்கால் கெட்டுப்போயிருந்தது, ஆல்ப்ஸ் மலைப்பக்கத்திலிருந்து வந்தவர் அவர். ஆனால் பெருங்கற்கள் நின்றபின் இறந்தவர் அந்த வில்லாளி. அவர் முழங்காலை வைத்துக் கட்டியவர்களின் நோக்கத்தைச் சொல்வது வலுவற்ற வாதம்.

அந்த வில்லாளி வேறொன்றுக்குச் சாட்சி. கண்டத்திலிருந்து செம்பும் மணிவடிவக் குவளைகளும் கொண்டு வந்த புதிய மக்களுள் அவர் ஒருவர். 2018-இல் வெளிவந்த பெரிய மரபணு ஆய்வு, அவர்கள் வந்த சில நூற்றாண்டுகளில் பிரிட்டன் மக்களின் மரபணுவில் சுமார் 90 விழுக்காடு மாறிவிட்டது என்று கண்டது. கல்லை நட்டவர்கள் அனத்தோலியாவில் வேர் கொண்ட உழவர்களின் வழிவந்தவர்கள், வந்து ஆயிரத்தைந்நூறு ஆண்டுகள் ஆனவர்கள். இன்று அந்த நாட்டில் வாழ்பவர்களிடம் அவர்கள் குருதி மிகக் குறைவு. தங்கள் பாட்டன் நட்டது என்று உரிமையோடு சொல்ல அங்கே யாரும் இல்லை என்றே சொல்லலாம்.

அவர்கள் பெயரோ மொழியோ ஒரு சொல்கூட நமக்குக் கிடைக்கப்போவதில்லை. டரிங்டன் வால்ஸின் வீடொன்றில், அடுப்பங்கரையில், மெழுகிய சுண்ணத் தரையில் இரண்டு சிறு குழிவுகள் அருகருகே பதிந்திருந்தன. யாரோ ஒருவர் நாள்தோறும் அதே இடத்தில் மண்டியிட்டுத் தீ மூட்டிச் சமைத்ததில் முழங்கால்கள் பதிந்த தடம்.